ஞானமேரி, பெண், வயது இருபத்து நாலு

போன வருஷம் தவக்காலத்தில் ஒரு புதன்கிழமை மத்தியானம், பிணவறை வாசலில் நிற்கவைத்து என்னிடம் ஒரு தாளை நீட்டினார்கள். உள்ளே கிடப்பது என் மகன் ஜான்தான் என்று நான் கையெழுத்துப் போட வேண்டுமாம்.

என் பெயர் ஆரோக்கியம். ராயபுரத்தில் இட்லிக் கடை போட்டிருக்கிறேன். எனக்கு ஒரே பிள்ளை. அன்றைக்கு நான் ஆண்டவரிடம் கேட்ட ஒரு கேவலமான செபத்தையும், அதற்குப் பிறகு கேட்ட இன்னொரு செபத்தையும் உங்கள் முன்னால் சொல்லிவிடுகிறேன். நல்லதை மட்டும் சொல்லிவிட்டுப் போனால் அது சாட்சி ஆகாது.

முதலில் என் மகன் பெயரைப் பற்றிச் சொல்ல வேண்டும். என் வீட்டுக்காரர் லூயிக்குச் சொந்த ஊர் காரைக்கால். அவர் வீட்டில் பிரெஞ்சுக்காரர்கள் காலத்திலிருந்து ஒரு பெயர் இறங்கி வருகிறது. ழான்-மரி. இரண்டு வார்த்தை, நடுவில் ஒரு சின்னக் கோடு. பிள்ளை பிறந்ததும் அதையேதான் வைக்க வேண்டும் என்று ஒற்றைக்காலில் நின்றார். அந்த மனுஷன் வாழ்க்கையில் பிடிவாதம் பிடித்தது அந்த ஒரு தடவைதான். ஞானஸ்நானப் புத்தகத்தில் அப்படியே எழுதினார்கள்.

எங்கள் தெருவிலோ பழத்தையே "பயம்" என்பார்கள். அங்கே போய் ழான் என்றால் யாருக்கு வாயில் நுழையும்? இங்கிலீஷ் எழுத்தில் கூட்டிப் படித்தவன் "ஜீன்" என்றான். ஜீன்ஸ் பேன்ட் என்று ஒரு கூட்டம் சிரித்தது. அதையாவது பொறுத்தேன். மரியைப் பிடித்துக்கொண்டார்கள். "இன்னாடா மேரி, ஜடை பின்னலியா?" என்று என் பிள்ளை பின்னாலேயே வந்த இரண்டு பையன்களை நடுத்தெருவில் அறைந்திருக்கிறேன். எனக்குக் கை கொஞ்சம் நீளம், வாய் அதைவிட நீளம்.

பள்ளிக்கூடத்தில் சேர்க்கும்போது டீச்சர் கேட்டார், "மேரி யாரு, உங்க பேரா? இனிஷியல் அப்பா பேர்லதானே வரணும்?" என்று. நான் ஒரு நிமிஷம்கூட யோசிக்கவில்லை. "மேரிய தூக்கிடுங்க டீச்சர். லூயிக்கு எல் போட்டு, எல். ஜான்னு எழுதுங்க" என்றேன். அன்றிலிருந்து ரேஷன் கார்டு, ஆதார், வேலைக்குப் போன இடத்து கேட் பாஸ், எல்லாவற்றிலும் எல். ஜான்தான். வீட்டில்கூட யாரும் மரி என்று சொல்லக்கூடாது என்று தடை போட்டேன். என் வீட்டுக்காரர் மட்டும், நான் பக்கத்தில் இல்லாதபோது, அவனை முழுப் பெயர் சொல்லிக் கூப்பிடுவார். எனக்குத் தெரியும். தெரியாத மாதிரி இருந்தேன்.

அந்தச் செவ்வாய்க்கிழமை காலை, எண்ணூர்ப் பக்கம் அவன் வேலை செய்த தொழிற்சாலையில் ஒரு குழாய் வெடித்தது. அவன் காண்டிராக்ட் ஆள், குழாய் சுத்தம் செய்கிற வேலை. அவனோடு ஜோடி போட்டு வேலை செய்தவன் நெட்டுக்குப்பத்து ஏழுமலை. கழிமுகத்தில் இறால் குறைந்துபோனதால் வலையை விட்டுவிட்டு இந்த வேலைக்கு வந்த பிள்ளை. இரண்டு பேரும் ஒரே தட்டில் சாப்பிடுகிற சிநேகிதம். என் கடை இட்லியை எத்தனையோ நாள் அவனுக்கும் சேர்த்துக் கட்டிக் கொடுத்திருக்கிறேன்.

நாங்கள் போய்ச் சேர்ந்தபோது காயம்பட்ட மற்றவர்களுக்கெல்லாம் கணக்கு வந்துவிட்டது. இவர்கள் இரண்டு பேருக்கு மட்டும் வரவில்லை. ஓர் உடல் கிடைத்திருந்தது. முழுக்கக் கரி. இரண்டு பேருக்கும் ஒரே உயரம், இரண்டு பேருக்கும் ஒரே நீல உடுப்பு. பரிசோதனை செய்து யார் என்று சொல்ல நாளாகும் என்றார்கள். இன்னொருவன் எங்கே என்று யாருக்கும் தெரியவில்லை.

கேட்டுக்கு எதிரே டீக்கடை வைத்திருந்தவர், வெடித்த வேகத்தில் ஓர் ஆள் மதிலோரம் வந்து விழுந்ததாகவும், அந்த வழியாகப் போன லோடு வேன்காரர் யாரோ தூக்கிப் போட்டுக்கொண்டு டவுன் பக்கம் போனதாகவும் சொன்னார். எந்த ஆஸ்பத்திரி என்று அவருக்குத் தெரியாது. அன்று சாயங்காலத்துக்குள் நானும் என் வீட்டுக்காரரும் மூன்று ஆஸ்பத்திரி ஏறி இறங்கினோம். மூன்றாவது இடத்தில் கண்ணாடிக் கதவில் ஒரு பட்டியல் ஒட்டியிருந்தது. விரலை வைத்து வைத்துப் பார்த்தேன். ஜான் இல்லை. ஜன்னலில் இருந்தவரிடம் கேட்டேன்.

"எல். ஜான்னு ஒரு பையன் சார். எண்ணூர்ல அடிபட்டவன்."

"எண்ணூர்லேந்து ஒரே ஒரு கேசுதாம்மா வந்துகீது. அதுவும் பொம்பள. பாரு, லிஸ்ட்லயே கீது."

ஞானமேரி, பெண், வயது இருபத்து நாலு, எரிகாயம் என்று இருந்தது. எந்த வீட்டுப் பெண்ணோ, நம் சபைப் பிள்ளையாக இருக்கும்போல என்று நினைத்தேன். அந்தக் கதவுமுன் நின்று அவளுக்காக ஒரு மங்கள வார்த்தை செபம் சொல்லிவிட்டுத் திரும்பி வந்தேன். இது நடந்தது உண்மை. என் வாயால் சொன்னேன், என் காலால் திரும்பி நடந்தேன்.

மறுநாள் பிணவறைப் படிக்கட்டில் ஏழுமலையின் அம்மா கன்னியம்மாவும் நானும் பக்கத்தில் பக்கத்தில் உட்கார்ந்திருந்தோம். புருஷனைக் கடலுக்குக் கொடுத்தவள். அவள் மடியில் எல்லையம்மன் கோயில் குங்குமப் பொட்டலம், என் கையில் செபமாலை. அவள் தண்ணீர் வாங்கி வந்து எனக்குக் கொடுத்தாள். நான் அவள் முந்தானையை இழுத்து மூடிவிட்டேன். அக்கா தங்கச்சி மாதிரி இருந்தோம்.

அப்படி அவள் தோளில் சாய்ந்துகொண்டே, நான் மனசுக்குள் என்ன கேட்டுக்கொண்டிருந்தேன் தெரியுமா? உள்ளே இருப்பது ஏழுமலையாக இருக்கட்டும் சாமி, என் ஜானாக இருக்கக்கூடாது. ஒரு மணி கூடத் தவறாமல் இதையேதான் கேட்டேன். செபமாலையின் ஒவ்வொரு மணிக்கும் அவள் பிள்ளையைச் சாகக் கொடுத்தேன்.

அப்போதுதான் காண்டிராக்டருடைய ஆள் தாளோடு வந்தான். ஏழுமலைதான் கொஞ்சம் குட்டை என்று யாரோ சொன்னார்களாம், அதனால் இது ஜானாகத்தான் இருக்குமாம், கையெழுத்துப் போட்டால் சீக்கிரம் எடுத்துப் போகலாமாம். தாளைப் பிடுங்கிக் கசக்கி அவன் மூஞ்சியில் எறிந்தேன். "நீ பெத்தியா, நான் பெத்தனா? எம்புள்ள ஒசரம் எனுக்குத் தெரியாதா?" என்று கத்தினேன். ஆனால் சத்தியமாக எனக்குத் தெரியவில்லை. அந்தக் கரியைப் பார்த்துச் சொல்ல எந்தத் தாயாலும் முடியாது. அப்படியே தரையில் உட்கார்ந்துவிட்டேன்.

என் வீட்டுக்காரர் வந்து என் பக்கத்தில் தரையில் உட்கார்ந்தார். அவர் அதிகம் பேசமாட்டார். அன்றைக்குப் பேசினார்.

"ஆரோக்கியம், நீ நேத்திலேந்து ஜான், ஜான்னு கேக்குறே. அது அவன் பேருல பாதி. முழுப் பேரு சொல்லிக் கேளு."

"பேரா இப்போ முக்கியம்?" என்று எரிந்து விழுந்தேன்.

"முக்கியம்தான். ழான்னா யோவான். ஆண்டவர் இரங்கினார்னு அர்த்தம். மரி, மாதா. எல்லாரும் ஓடிப்போன அன்னிக்கு சிலுவைக்குக் கீழே நின்னது அந்த ரெண்டு பேருதான். பெத்த பிள்ளையைப் பறிகொடுக்கிற தாய்க்கு அந்த யோவானைத்தான் மகனா குடுத்துட்டுப் போனாரு. அந்தக் கோடு அதுக்குத்தான்னு எங்க வீட்டுல சொல்லுவாங்க. அங்கெல்லாம் ஆம்பளப் பிள்ளைக்கு மரி போடுறது, இவனை உன் கையில குடுத்துட்டேன் தாயேன்னு ஒப்படைக்கிறது. நீ அவளை வெட்டிட்டு, அவகிட்டயே பிள்ளையைக் கேக்குறியே."

இருபத்து நாலு வருஷத்தில் ஒரு நாளாவது அந்தப் பெயருக்கு என்ன அர்த்தம் என்று நான் கேட்டதில்லை. எனக்கு வெட்கமாக இருந்தது. பயமாகவும் இருந்தது. கண்ணை மூடிக்கொண்டேன். ஏழுமலையைப் பற்றிக் கேட்டதையெல்லாம் திரும்ப எடுத்துக்கொள்கிறேன் என்றேன். உன் பிள்ளை, உன்னிடமே விட்டுவிட்டேன் என்றேன். பிறகு அந்தப் பெயரை வாய்விட்டுச் சொன்னேன். வராத ழகரம், போதாக்குறைக்கு அழுகை. அடைத்த மூக்கோடு திரும்பத் திரும்பச் சொல்லிக்கொண்டே இருந்தேன்.

கன்னியம்மா என் முதுகைத் தடவிக்கொண்டிருந்தவள் குனிந்து கேட்டாள்.

"இன்னாக்கா, ஞானமேரி, ஞானமேரின்னுகினே கீற? யாரு அது, உன் பொண்ணா?"

நான் நிமிர்ந்து என் வீட்டுக்காரரைப் பார்த்தேன். அவர் முகம் வெளுத்துப்போயிருந்தது. இரண்டு பேருக்கும் அந்தக் கண்ணாடிக் கதவுதான் ஞாபகத்துக்கு வந்தது.

ஆட்டோவில் ஏறினது, இறங்கினது எதுவும் நினைவில்லை. தீவிரச் சிகிச்சைப் பிரிவில் முகமெல்லாம் கட்டுப் போட்டு, ஒரு கண் மட்டும் தெரிய, என் மகன் படுத்திருந்தான். வலது காலில் முட்டிக்குக் கீழே, சின்ன வயதில் என் இட்லிக் குண்டான் சுட்ட தழும்பு அப்படியே இருந்தது. நர்ஸ் அம்மா சொன்னார், "பையன்னு எங்களுக்குத் தெரியும்மா. இட்டாந்த டிரைவர் பேரு மட்டும் சொல்லிட்டுப் போயிட்டாரு. கம்ப்யூட்டர்ல பொம்பளன்னு ஏத்திட்டாங்க. சொந்தக்காரங்க வந்தா மாத்திக்கலாம்னு இருந்தோம்." நினைவு தப்புவதற்கு முன்னால் வேனில் இவனிடம் பெயர் கேட்டிருக்கிறார்கள். ஜான் என்று சொல்ல வரவில்லையாம். அப்பா கூப்பிடுகிற பெயர்தான் வந்ததாம். அதைத்தான் அந்த டிரைவர் ஞானமேரி என்று கேட்டிருக்கிறார்.

அவன் கையைத் தொட்டேன். "மா" என்றான். அந்த ஒரு எழுத்துக்காக நான் ஆண்டவருக்குச் சாகும்வரை நன்றி சொல்வேன்.

சாட்சியை இதோடு முடித்திருக்கலாம். ஆனால் என் பிள்ளை இங்கே இருக்கிறான் என்றால் அங்கே பிணவறையில் இருப்பது யார்? எனக்குக் கிடைத்த பதில் கன்னியம்மாவுக்குத் தீர்ப்பு. அந்தப் பதிலை அவள் வாயாலேயே எனக்குச் சொல்லவைத்தார் ஆண்டவர். ஏன் என்று இன்றுவரை எனக்கு விளங்கவில்லை. ஃபாதரிடம் கேட்டேன். அவருக்கும் தெரியவில்லை. தெரியாது என்று ஒத்துக்கொண்டார், அது வரைக்கும் சந்தோஷம்.

ஏழுமலைக்குக் காரியம் முடிந்த அன்று நெட்டுக்குப்பத்துக்குப் போனேன். அவள் காலைப் பிடித்து, படிக்கட்டில் நான் கேட்ட செபத்தைச் சொன்னேன். அடித்தால் வாங்கிக்கொள்வோம் என்றுதான் போனேன். அவள் என் கையைப் பிடித்துத் தூக்கி உட்காரவைத்தாள்.

"நானும் அத்தத்தான் வேண்டிக்கினேன்க்கா. உன் புள்ளையா இருக்கட்டும்னு. வுடு" என்றாள்.

இரண்டு பேரும் கட்டிக்கொண்டு அழுதோம்.

என் மகனுக்கு இடது காது கேட்காது. வலது கையில் மூன்று விரல் மடங்காது. பழைய வேலைக்குத் திரும்பப் போக முடியாது. எழுந்து நடக்க ஆரம்பித்ததும் அவன் போன முதல் இடம் நெட்டுக்குப்பம். நான் அனுப்பவில்லை, என் வீட்டுக்காரர் சொல்லவில்லை, அவனே போனான். இப்போது விடியற்காலையில் கன்னியம்மாவின் மீன் கூடையைத் தோளில் போட்டு பஸ் ஏற்றிவிடுகிறான். ஞாயிற்றுக்கிழமை பூசை முடிந்ததும் நாங்கள் மூன்று பேரும் அங்கேதான் சாப்பாடு. ஆதாரில் பெயரை மாற்ற எழுதிக் கொடுத்திருக்கிறேன். முழுப் பெயர், நடுவில் கோட்டோடு. கோடு போட முடியாது என்றார் அந்த ஆபீஸில் ஒரு பையன். போட வைக்காமல் விடமாட்டேன்.

சகோதர சகோதரிகளே, உங்களுக்கும் ஒருநாள் இப்படி ஒரு படிக்கட்டு வரலாம், வராமலே போகட்டும். வந்தால் தைரியமாகக் கேளுங்கள். பிள்ளையின் பெயரை முழுசாகச் சொல்லிக் கேளுங்கள். பக்கத்தில் உட்கார்ந்து அழுகிறவளின் பிள்ளை பெயரையும் சேர்த்துச் சொல்லுங்கள். நான் அதைச் செய்யவில்லை. அந்தக் குறை எனக்கு இருக்கிறது. ஆனாலும் அவர் கைவிடவில்லை, உங்களையும் விடமாட்டார்.

கன்னியம்மாவுக்கு ஜானும் தெரியாது, ழானும் தெரியாது. அன்றைக்கு என் வாயிலிருந்து அவள் காதில் எப்படி விழுந்ததோ அப்படித்தான் கூப்பிடுகிறாள். போன ஞாயிற்றுக்கிழமை குப்பத்துப் பையன்கள் எல்லாரும் பார்த்துக்கொண்டிருக்க, வாசலில் நின்று கத்தினாள். மேரி என்று சொன்னவனையெல்லாம் அறைந்தவள் நான், சோற்றுத் தட்டை வைத்துக்கொண்டு கேட்டுக்கொண்டிருந்தேன்.

"டேய் ஞானமேரி! இன்னாடா இன்னும் படகாண்ட குந்திகினு கீற? அம்மா எவ்ளோ நேரமா சோத்த போட்டுகினு நிக்கிறேன், வாடா!"