முதலில் இறக்கி வைத்தது யார்

அறுபதுகளின் தொடக்கத்தில் நான் அக்கரப்பத்தனைப் பக்கம் ஒரு தோட்டப் பள்ளிக்கூடத்தில் ஆசிரியராக இருந்தேன். கொழும்பிலிருந்து ஒரு சிங்களவர் கேமராவும் ஒலிப்பதிவுப் பெட்டியுமாக வந்தார். தோட்டத்து ஆட்கள் தங்கள் கதையைத் தங்கள் வாயாலேயே சொல்ல வேண்டும், அதைப் படமாக்க வேண்டும் என்றார். தேயிலையைப் படமெடுக்க வந்தவர்களை முன்பும் பார்த்திருக்கிறோம். ஆட்களைப் பேசச் சொன்னவர் இவர்தான். எனக்குச் சிங்களம் தெரியும் என்பதால் மொழிபெயர்ப்பு வேலை என்னிடம் வந்தது.

இரண்டு நாள் யாரும் பிடிகொடுக்கவில்லை. மூன்றாம் நாள் மேல் லயத்து வரிசை வீடுகளிலிருந்து அக்கா ஒருவர் தானாகவே வந்து உட்கார்ந்தார். வேலைக்குப் போகும் தாய்மார் குழந்தைகளை விட்டுச் செல்லும் பிள்ளைக்காம்பரா எப்படி வந்தது என்று சொல்ல ஆரம்பித்தார்.

"தொரைகிட்ட கேட்டுக் கேட்டு வாய் வலிச்சிருச்சுங்க. ஒருநாள் காலைல பெரட்டுக் களத்துல வேலைக்குப் பேர் குடுத்துட்டு, ஆபீஸ் வராந்தாவுல புள்ளைங்கள வரிசையா இறக்கி வச்சிட்டு, நாங்க பாட்டுக்குக் கொழுந்தெடுக்கப் போயிட்டோம். மொதல்ல இறக்கி வச்சது நாந்தான். பதினேழு புள்ளைங்க. கிளாக்கரையா மடியில ரெண்டு, வேலை வாங்குற கண்டாக்கையா தோள்ல ஒண்ணு. பத்து மணிக்கெல்லாம் தொரை ஆளனுப்பிட்டாரு, காம்பரா தர்றேன்னு."

நான் சிங்களத்தில் சொல்லி முடித்ததும் படக்காரர் சிரித்த சிரிப்பில் கேமராவே ஆடிவிட்டது.

இரண்டு மாதம் கழித்துப் படத்தோடு வந்தார். ஞாயிற்றுக்கிழமை மத்தியானம் தொழிற்சாலை மாடியில் சன்னல்களைச் சாக்கால் மறைத்து, வெள்ளை வேட்டியைத் திரையாகக் கட்டினோம். அக்கா திரையில் வந்தார். "மொதல்ல இறக்கி வச்சது நாந்தான்" என்றதும் கூட்டத்தின் நடுவிலிருந்து இன்னொருவர் எழுந்தார்.

"பொய் சொல்லாத. மொதல்ல வச்சது நானு. ஒன் புள்ள அன்னைக்குக் காய்ச்சல்ல கெடந்துச்சு."

"காய்ச்சல் வந்தது அடுத்த வாரம்டி," என்றார் அக்கா, எழுந்து திரையை மறைத்தபடி. அதற்குள் இன்னும் மூன்று பேர் எழுந்துவிட்டார்கள். யாராலும் சிரிப்பை அடக்க முடியவில்லை.

படக்காரர் பதறிப்போய் என் காதில் கேட்டார்: "பிழையாக எடுத்துவிட்டேனா, மாஸ்டர்?"

நான் விளக்கினேன். உடனே படத்தை நிறுத்தினார், சாக்குகளை இழுத்துப் போட்டு வெளிச்சத்தை உள்ளே விட்டார், கேமராவை எடுத்தார். ஐந்து பேரையும் ஒவ்வொருவராக உட்கார வைத்துப் பேச விட்டார். ஐந்து பேருமே முதல் ஆள். காம்பரா கிடைத்த அன்று மத்தியானம் பிள்ளைகளைத் தூக்கிக்கொண்டு ஊர்வலமாக லயத்துக்குத் திரும்பியதை மட்டும் எல்லோரும் ஒரே மாதிரி சொன்னார்கள்.

"ஐந்தையும் படத்தில் வைக்கப்போகிறேன்," என்றார்.

கடைசி அக்கா பாதி சொல்லும்போதே ஃபிலிம் தீர்ந்துவிட்டது. ஒலிப்பதிவு மட்டும் ஓடிக்கொண்டிருந்தது. படக்காரர் அதைக் காட்டிக்கொள்ளவில்லை. கேமராவிலிருந்து கண்ணெடுக்காமல், தலையாட்டியபடி கடைசி வரை கேட்டார். நானும் விடாமல் மொழிபெயர்த்துக்கொண்டிருந்தேன்.