வலது கைப் பகுதி

இன்று சுவிஸின் லோசான் நகரில் பழைய காகிதம் எடுக்கும் நாள். பஸ்ஸுக்கு நின்ற இடத்தில் கயிறு கட்டிய காகிதக் கட்டொன்றின் ஈரமணம் என்னைப் பத்து வயதுக்கு இழுத்துப் போனது.

அம்மா துப்புரவு செய்த வீட்டுப் போலந்து மதாம் எனக்குப் பியானோ பழக்கினார். தான் இயற்றும் இசையைப் பழைய கடித உறைகளில் பென்சிலால் எழுதி வைப்பார். இடது கைப் பகுதியை நான் வாசிக்க, வலது கையை அவர் வாசிப்பார்.

ஒருநாள் அம்மா அந்த உறைகளையும் பத்திரிகைகளோடு கட்டி வெளியே வைத்துவிட்டாள். லொறி ஏற்றிப் போய்விட்டது.

"குப்பையெண்டு நினைச்சிட்டன் எண்டு பிரெஞ்சில சொல்லு, பிள்ளை" என்றாள்.

சொன்னேன். மதாம் பியானோ முன் அமர்ந்தார். நான் இடது கையைத் தொடங்கினேன். அவருடைய வலது கை நாலைந்து கட்டைகள் போய், வழி தெரியாமல் நின்றுவிட்டது.

அவர் இறந்து வெகுகாலம். பஸ்ஸில் ஏறி இருந்தபோது என் இடது கை மடியில் தன்பாட்டில் வாசித்தது, ஒரு பிழையுமில்லாமல். வலது கை சும்மா கிடந்தது.