சின்னம்மா வெட்டி வைத்த ஒன்பது விநாடி

“படிச்ச புள்ள லா நீ. என் கேமரா முன்னால ஒரு நாளும் நிக்க மாட்ட.” பிரம்புக் கூடையின் வாரை நெற்றியில் சரிசெய்துகொண்டே சின்னம்மா சிரித்தார். அம்மாவின் தங்கை. அந்தக் கூடையைப் பக்கத்து மலை ஊரான பிரிஞ்சாங்கில் சுற்றுலாக்காரர்களுக்கான கடையில் வாங்கியிருந்தார். விலைச்சீட்டைக் கூடப் பிரிக்கவில்லை. எங்கள் தேயிலைத் தோட்டத்தில் இப்போது கொழுந்தை இயந்திரத்தால் வெட்டிக் கோணியில் கட்டுகிறார்கள். கூடை, வருகிறவர்கள் படம் எடுக்க மட்டும்தான். “தோட்டத்து ஆளுன்னா இதுதான்னு நெனைக்கிறாங்க. அதையே மாட்டிக்கிட்டு நிப்போம்” என்றார்.

ஆறாம் வகுப்போடு நின்றவர். கோலாலம்பூரில் கல்யாண வீடியோக்காரருக்கு விளக்குப் பிடித்தபடியே கேமரா கற்றவர். திரும்பி வந்து, திரிங்காப் என்ற ஊரில் பூப்பண்ணையில் வேலை செய்துகொண்டு, உறுமி அடிக்கும் பையன்களையும், முடிக்குச் சாயம் பூசி மோட்டார் சைக்கிள் ஓட்டும் பெண்களையும், எங்கள் லயத்து வரிசை வீடுகளில் குடிவந்த வங்காளதேசத்தாரையும் படம் எடுத்தார். கடைசியில் தானே கூடையோடு தேயிலைச் சரிவில் அசையாமல் நிற்கத் தொடங்கினார். யாராவது படம் எடுத்தால், மடியிலிருந்து சிறு கேமராவை எடுத்து அவர்களை வீடியோ எடுப்பார்; அதையெல்லாம் கோத்து ஒரு படம் செய்துகொண்டிருந்தார். “வேல செய்யாத எடத்துல வேலக்காரி வேஷமா?” என்று அம்மா தலையில் அடித்துக்கொள்வார்.

எங்கள் குடும்பத்தில் பள்ளிப் படிப்பை முடித்த முதல் ஆள் நான், பல்கலைக்கழகமும் போனேன். அந்தப் பெருமை இன்றும் உண்டு. ஆனால் தோட்டத்துப் பெண் என்று தோழிகள் மூவரிடமும் சொன்னதில்லை. விடுமுறையில் அவர்களோடு மலைக்கு வந்தபோது, வளைவில் காரை நிறுத்தினார்கள். சரிவில் சின்னம்மா நின்றிருந்தார். “ஏய், தோட்டத்து ஆளு! கூட நின்னு ஒரு செல்ஃபி எடுக்கலாம் லா” என்றாள் ஒருத்தி. நான் முகத்தைத் திருப்பிக்கொண்டேன். சின்னம்மா என்னைப் பார்த்துவிட்டார். முன்பின் தெரியாதவர் போலவே கேமராவை உயர்த்தி, “எங்கேருந்து வர்றீங்க பாப்பா?” என்று கேட்டார்.

“கே.எல்.” என்று, கோலாலம்பூர்க்காரியைப் போல, முந்திக்கொண்டு சொன்னது நான்.

மறுநாள் தொலைபேசியில் அழைத்தார். “ஒன்ன படத்துலேருந்து வெட்டிட்டேன் கண்ணு. நிம்மதியா பரீட்ச எழுது.” “சரி” என்றேன். அவர் திட்டியிருக்கலாம். திட்டியிருந்தால் எங்களுக்குள் ஒரு சண்டையாவது மிஞ்சியிருக்கும்.

அடுத்த மாதம் மலையிலிருந்து இறங்கும் தாப்பா சாலையில், மூடுபனியில், அவருடைய மோட்டார் காய்கறி லோரியில் மோதியது. என்னோடு அவர் கடைசியாகப் பேசியது அந்தத் தொலைபேசிப் பேச்சுதான்.

கருமாதி முடிந்து அவருடைய கணினியைத் திறந்தேன். படம் முடிந்திருந்தது; நான் அதில் இல்லை. தனியாக ஒரு கோப்பு இருந்தது. ‘புள்ள சரின்னா சேக்கணும்’ என்று அதற்குப் பெயர். ஒன்பது விநாடி. என் கன்னம், காது, பின்னந்தலை, அந்தப் பதில். அவர் அழிக்கவில்லை. நான் என்றாவது கேட்பேன் என்று வைத்திருந்தார்.

விலைச்சீட்டோடு அந்தக் கூடை இப்போது என் அறையில் இருக்கிறது. இதை எழுத உட்காரும் முன் ஒன்பது விநாடியையும் படத்தில் சேர்த்து, மூன்று தோழிகளுக்கும் அனுப்பிவிட்டேன். கீழே எழுதியது இவ்வளவுதான்: “கூடையோடு நிற்பவர் என் சின்னம்மா. முகத்தைத் திருப்பிக்கொள்பவள் நான்.”