பாதி ஷட்டர்

பிஷென்டாவின் கடையில் நூல், ஊசி, பொத்தான், ரிப்பன் எல்லாம் கிடைக்கும். அபிப்பிராயம் மட்டும் கிடைக்காது. ஸ்பெயினின் வடக்கே, மலைக்கும் ஆற்றுக்கும் நடுவே நெருக்கியடித்துக் கிடந்த அந்த பாஸ்க் ஊரில் அது லேசுப்பட்ட காரியமில்லை. மாதத்துக்கு இரண்டு பந்த். கடையைத் திறந்தால் தனிநாடு கேட்பவர்கள் முறைப்பார்கள், மூடினால் மற்றவர்கள் முறைப்பார்கள். பிஷென்டா ஷட்டரை இடுப்பு மட்டத்துக்கு இறக்கி வைப்பாள். யாராவது கேட்டால் மூடியாயிற்று என்பாள். குனிந்து வருகிறவர்களுக்கு வியாபாரமும் நடக்கும். ஊரில் பாதிக் கடைகள் அப்படித்தான். இதைச் சாமர்த்தியம் என்றே இருபது வருஷம் நினைத்துக்கொண்டிருந்தாள், பாவம்.

அவளுக்கும் தனிநாடு வேண்டும்தான். சொந்த மொழியில் பேசியதற்காக அவள் அப்பா காவல் நிலையத்தில் அடி வாங்கியவர். மகன் ஐட்சோல் மீசை முளைக்கும் முன்பே ஊர்வலத்தில் கொடி பிடித்தவன். அதில் அவளுக்குப் பெருமைகூட இருந்தது.

அந்த மே மாதம் கொன்ச்சியின் கணவனைத் தனிநாடு கேட்கும் ஆயுதக்காரர்கள் தூக்கிக்கொண்டு போனார்கள். பட்டறை முதலாளி, போராட்டத்துக்குப் பணம் தர மறுத்தான் என்பது குற்றம். அவனும் பாஸ்க்காரன்தான். கொன்ச்சி பிஷென்டாவின் செட்டு. கோயிலில் புதுநன்மை வாங்கிய சின்ன வயசிலிருந்தே ஒன்றாகத் திரிந்த ஆறு பெண்கள், இப்போதும் ஞாயிறு தவறாமல் மதுக்கடை மதுக்கடையாக ஏறி, ஆளுக்கொரு சின்னக் கோப்பை வைன் குடித்து, ஊர்க்கதை பேசி வீடு திரும்புவார்கள். அங்கே செட்டு என்றால் கூடப்பிறந்தவர்களுக்கும் மேலே. அந்த ஞாயிறு கொன்ச்சி போனபோது மற்ற ஐந்து பேருக்கும் ஒரே சமயத்தில் தலைவலி வந்திருந்தது.

அதன்பிறகு வெள்ளிதோறும் சாயங்காலம் ஏழு மணிக்குக் கொன்ச்சியும் பட்டறை ஆட்களும், அவனை விடச் சொல்லி, சட்டையில் நீல ரிப்பன் குத்திக்கொண்டு சதுக்கத்தில் கால் மணி நேரம் மௌனமாக நின்றார்கள். பத்தடி தள்ளி எதிரே ஒரு கூட்டம் நின்று ஏசியது. அதில் ஐட்சோல் இருந்தான். சதுக்கத்தை ஒட்டிய கடையில் வெள்ளிக்கிழமைகளிலும் ஷட்டர் பாதிதான்.

அப்படியொரு வெள்ளி மத்தியானம் கொன்ச்சி குனிந்து உள்ளே வந்து, நீல ரிப்பன் இருபது மீட்டர் கேட்டாள். எந்தக் கடையில் வாங்கியது என்று பொழுது சாய்வதற்குள் ஊருக்கே தெரிந்துவிடும். மருந்துக்கடையின் முன்பக்கக் கண்ணாடி போன வாரம் இந்த மாதிரி ஒரு காரியத்துக்குத்தான் உடைந்தது. தீர்ந்துபோயிற்று என்றாள் பிஷென்டா. அவள் முதுகுக்குப் பின்னால் அலமாரியில் நீலச் சுருள் பிரிக்காமல் இருந்தது. கொன்ச்சி அதைப் பார்த்தாள்.

"ரிப்பன் கிடக்கட்டும்டி. நீ வந்து பக்கத்துல நில்லு. செட்டுல ஒருத்தி நின்னா போதும் எனக்கு."

"எதிர்ல ஐட்சோல் நிக்கிறான், கொன்ச்சி."

"தெரியும். என் மூஞ்சியப் பாத்துத்தான் கத்துறான். நான் மடியில வெச்சு சோறு ஊட்டின பய."

அவள் போனபின் வெட்கம் பிஷென்டாவைப் பிடுங்கித் தின்றது. ஏழடிக்கும்போது ஒரு சாண் ரிப்பன் வெட்டி நெஞ்சில் குத்திக்கொண்டு, வெளியே போகக் குனிந்தாள். எதிரே குனிந்தபடி மகன் நின்றான்.

அவன் கத்தியிருந்தால் அவளும் கத்திவிட்டுப் போயிருப்பாள். அவன் கெஞ்சினான்.

"அம்மா, அதைக் கழட்டும்மா. உன் கடை மேல யாரும் கை வைக்கக் கூடாதுன்னு நான்தான் அவங்ககிட்ட சொல்லி வெச்சிருக்கேன். இதோட நீ வெளிய வந்தா, மறுபடி என்னால சொல்ல முடியாது."

சொல்லிவிட்டு ஷட்டரைத் தரைவரை மெல்ல இறக்கினான். பூட்டவில்லை. ஒரு கையால் தூக்கினால் ஏறிவிடும். பிஷென்டா தகரத்தில் கையை வைத்தபடி, வெளியே கூச்சல் ஓயும்வரை நின்றாள்.

பிறகு ஷட்டரில் இரண்டு தட்டு கேட்டது.

"பிஷென்டா, நீ உள்ளதான் இருக்கன்னு தெரியும். ஒரு காபி குடிச்சிட்டு வரலாம், வாடி."

பிஷென்டா மூச்சை அடக்கிக்கொண்டாள். கொன்ச்சி கொஞ்ச நேரம் நின்று பார்த்துவிட்டுப் போய்விட்டாள்.

அடுத்த வசந்தத்தில் அவள் கணவன் பாதி ஆளாகத் திரும்பி வந்தான். கொன்ச்சி இப்போது நூல் வாங்கப் பக்கத்து ஊருக்கு பஸ் ஏறுகிறாள். தெருவில் பிஷென்டா எதிர்ப்பட்டால் முகத்தைத் திருப்பிக்கொள்வதில்லை. நின்று, "நல்லா இருக்கீங்களா?" என்று மரியாதையாக விசாரித்துவிட்டுப் போகிறாள்.