பையில் இருந்த மெழுகுத் துண்டு

எங்கள் ஊரில் ஒருவனை வாயாரச் சபிக்க வேண்டுமென்றால் "நாசமாய்ப் போ" என்பதெல்லாம் சில்லறை வசவு. "மெழுகுவர்த்தி இல்லாமச் சாவே" என்று சொன்னால்தான் எதிராளியின் முகம் வெளுக்கும். உயிர் பிரியும்போது கையில் எரியும் மெழுகுவர்த்தி இருக்க வேண்டும். இல்லையென்றால் போகிறவர் அந்தப் பக்கத்து இருட்டில் வழி தெரியாமல் தடவிக்கொண்டே கிடப்பார். இதை நம்பாதவர்களும் ஊரில் உண்டு. அவர்களும் மேசை இழுப்பறையில் ஒன்று வைத்திருந்தார்கள்.

வெத்தூரியா இருபத்திரண்டு வயதில் மாவட்ட ஆஸ்பத்திரியில் வார்டு ஆயாவாகச் சேர்ந்தாள். தரை கழுவுவது, மலச்சட்டி எடுப்பது, விரிப்பு மாற்றுவது, இதெல்லாம் வேலைப் பட்டியலில் இருந்தது. பட்டியலில் இல்லாத வேலை ஒன்றும் அவள் தலையில் விழுந்தது. அவளுடைய ஏப்ரனின் வலது பையில் விரல் நீளத் தேன்மெழுகுத் துண்டும் ஒரு தீப்பெட்டியும் எப்போதும் இருக்கும். ஒரு மூச்சுக்கும் அடுத்த மூச்சுக்கும் இடையே இடைவெளி நீள ஆரம்பித்ததும் வந்து நிற்பாள். துண்டைப் பற்றவைத்து, போகிறவரின் விரல்களை அதைச் சுற்றி மடக்கி, மேலே தன் கையை வைத்துக்கொள்வாள். சுவரில் மாட்டியிருந்த சாமி படங்களை எல்லாம் அரசாங்கம் கழற்றிப் போட்டிருந்த காலம் அது. ஆனாலும் அந்த நேரம் பார்த்து டாக்டர்களுக்கு ஜன்னலுக்கு வெளியே ஏதாவது வேடிக்கை கிடைத்துவிடும்.

சுகவாசியாகப் படுத்திருக்கும் நோயாளிகூட அவள் வலது கை எங்கே இருக்கிறது என்று ஒரு கண் வைத்திருப்பான். ஒரு முறை தோவாதெர் என்ற வண்டிக்காரன் மூச்சு இழுத்துக்கொண்டு கிடந்தபோது மெழுகுவர்த்தியை ஏற்றிவிட்டாள். அவன் ஒரு கண்ணைத் திறந்து பார்த்தான்.

"யாருக்குடி இது?"

"உனக்குத்தான்."

"வீணாக்காதே," என்று உஃப்பென்று ஊதி அணைத்தான். அதற்குப் பிறகு பதினோரு வருஷம் இருந்தான். சாகும்வரை அவனுக்கு 'ஊதி அணைச்சவன்' என்றுதான் பேர்.

பிறகு ஆக்சிஜன் சிலிண்டர்கள் வந்தன. கூடவே தலைநகரத்திலிருந்து புருத்தேயானு என்ற இளம் டாக்டரம்மாவும் வந்தாள். வந்த வாரமே வெத்தூரியாவின் ஏப்ரன் பையைக் காட்டிப் பேசினாள்.

"அக்கா, உங்க மனசு எனக்குப் புரியுது. ஆனா ஒரு பொறி பட்டா வார்டே போயிடும். முப்பது பேர் படுத்திருக்காங்க."

வெத்தூரியா முட்டாள் இல்லை. அன்றோடு தீக்குச்சி உரசுவதை நிறுத்தினாள். துண்டையும் தீப்பெட்டியையும் மட்டும் பையிலிருந்து எடுக்க மனம் வரவில்லை. டாக்டரம்மாவும் கல் நெஞ்சுக்காரி இல்லை. இனித் தேறாது என்று தெரிந்தவர்களை வீட்டுக்கு அனுப்பச் சீட்டு எழுத ஆரம்பித்தாள். வண்டி வரும், ஏற்றிக்கொண்டு போவார்கள், வீட்டுக்கட்டிலில் மெழுகுவர்த்தியோடு போய்ச் சேருவார்கள். வேறு ஊரில் "வீட்டுக்குப் போகலாம்" என்று டாக்டர் சொன்னால் நோயாளி சந்தோஷப்படுவான். எங்கள் ஊரில் சுவர்ப் பக்கம் திரும்பிப் படுத்து அழுவான்.

இப்படி இருக்கையில்தான் வெத்தூரியாவின் புருஷன் இலாரியே இருமலோடு வந்து படுத்தான். குவாரியில் முப்பது வருஷம் பாறைக்கு வெடி வைத்தவன். டாக்டரம்மா வெத்தூரியாவைத் துணி அறைக்குக் கூப்பிட்டுக் கதவைச் சாத்தினாள். நுரையீரலில் புற்று, இலை உதிரும் வரை தாங்காது என்றாள். எங்கள் பக்கம் இந்த மாதிரிச் சேதியை வீட்டாரிடம்தான் சொல்வார்கள், நோயாளியிடம் சொல்வதில்லை. சொன்னால் அந்தச் சொல்லே ஆளைக் கொன்றுவிடும் என்று டாக்டர்களும் நம்பினார்கள், குடும்பங்களும் நம்பின.

வெத்தூரியா முகத்தைக் கழுவிக்கொண்டு வந்து, "கல் தூசிதானாம். ஊசி போட்டா கரைஞ்சிடுமாம்," என்றாள்.

"ரோடு போடற அளவுக்கு உள்ள கிடக்கும். எடுத்து வெச்சுக்கச் சொல்லு," என்றான் இலாரியே.

ஆகஸ்டில் ஆக்சிஜன் இல்லாமல் அவனால் இருக்க முடியவில்லை. டாக்டரம்மா மறுபடியும் அவளைக் கூப்பிட்டாள். "அக்கா, உங்களுக்கு நான் சொல்லித் தெரிய வேண்டியதில்ல. வீட்டுக்குக் கூட்டிட்டுப் போங்க. அங்க உங்க மனசுப்படி எல்லாம் செய்யலாம்."

சீட்டை வாங்கி மடித்துக்கொண்டு அவள் கட்டிலுக்கு வந்தாள். வாயைத் திறக்கும் முன்பே அவன் கட்டில் கம்பியைப் பிடித்துக்கொண்டான்.

"என்ன, வீட்டுக்குப் போகச் சொல்லிட்டாளா?"

நூற்றுக்கணக்கான பேரை வழியனுப்பியவள் அந்த ஒரு முகத்துக்கு முன்னால் உடைந்துபோனாள். அவன் பயந்திருந்தான். கல்யாணமாகி இருபத்தாறு வருஷத்தில் அவன் பயந்து அவள் பார்த்ததில்லை.

"ஆசையைப் பாரு! வேலைக்குப் போகாம வீட்டுல காலை நீட்டிக்கலாம்னு பாக்கிறியா, மனுசா? இன்னும் ஒரு மாசத்துக்கு ஊசி இருக்கு."

அவன் சிரித்தான். கம்பியிலிருந்து கை இறங்கியது. சீட்டை அவள் கழிவறையில் கிழித்துப் போட்டாள்.

அவளுக்கு ஒரு திட்டம் இருந்தது. மூச்சின் கணக்கு அவளைவிட யாருக்குத் தெரியும்? கடைசி நேரம் வந்ததும் சிலிண்டரை மூடி வராந்தாவுக்குத் தள்ளிவிட்டு, ஜன்னல்களைத் திறந்துவிட்டு ஏற்றிவிடலாம். சில நிமிஷம் போதும். நேரம் தப்பாது என்று நம்பினாள். கட்டிலருகே வரும்போது மட்டும் ஏப்ரனைக் கழற்றி, பை தெரியாதபடி மடித்து, கால்மாட்டுக் கம்பியில் மாட்டிவிடுவாள். அந்தப் பையைப் பார்த்து அவன் மிரளக் கூடாதே என்றுதான்.

மூன்றாவது வாரம், ஒரு வியாழக்கிழமை மத்தியானம், அவன் நன்றாகவே பேசினான்.

"ஏ பொம்பளே, சமையல்கட்டுல பிளம் பழச் சாறு இருக்குமே, ஒரு டம்ளர் வாங்கிட்டு வாயேன். சில்லுனு இருக்கணும்."

மூச்சை எண்ணிப் பார்த்தாள். சீராக இருந்தது. கீழே போனாள். சமையல்கட்டில் சூப்புக்கு வரிசை நின்றது. டம்ளரோடு திரும்பியபோது இன்னொரு ஆயாவான ஸம்ஃபிரா கட்டில் பக்கத்தில் வாயைப் பொத்திக்கொண்டு நின்றாள். சிலிண்டர் மட்டும் சீறிக்கொண்டிருந்தது.

வெத்தூரியா முதலில் சிலிண்டரை மூடினாள். பழக்கதோஷம். கைகளை மார்பில் சேர்த்துவைக்க எடுத்தபோது வலது கை மூடியே இருந்தது. ஒவ்வொரு விரலாகப் பிரித்தாள். உள்ளே அவளுடைய மெழுகுத் துண்டு இருந்தது. ஏப்ரன் தரையில் கிடந்தது. தீப்பெட்டியை அவன் தொடவே இல்லை. முப்பது வருஷம் வெடி வைத்தவனுக்கு எதன் பக்கத்தில் நெருப்பு ஆகாது என்று யாரும் சொல்ல வேண்டியதில்லை.

அவனுக்குத் தெரிந்திருந்தது. எப்போதிருந்து என்றுதான் தெரியவில்லை. இவள் தாங்க மாட்டாள் என்று அவனும், அவன் தாங்க மாட்டான் என்று இவளும், நாளெல்லாம் கல் தூசியைப் பற்றி ஜோக்கடித்துக்கொண்டிருந்திருக்கிறார்கள். யாராவது ஒருவர் வாயைத் திறந்திருந்தால் தன் கட்டிலில், தன் ஜன்னலோரம், எரியும் வெளிச்சத்தோடு போயிருப்பான். அதை நினைத்ததும் வெத்தூரியா டம்ளரைத் தரையில் வைத்துவிட்டு, யார் பார்த்தாலும் பார்க்கட்டும் என்று வாய்விட்டு அழுதாள்.

அந்தத் துண்டை அவன் கையிலேயே வைத்துப் புதைத்தார்கள். பாதிரியார் பார்க்காதபோது கோட்டுப் பையில் தீப்பெட்டியையும் திணித்தாள். பிறகு அவரிடமே போய்க் கேட்டாள்.

"சாமி, கையில இருந்துச்சு, எரியல. அது கணக்குல சேர்த்தியா இல்லையா?"

அவர் தாடியைத் தடவிக்கொண்டு, "கடவுளுக்குத் தெரியும்," என்றார்.

"அவருக்குத் தெரியும், சரி. எனக்கு யார் சொல்றது?"

இன்னும் பதினாறு வருஷம் வெத்தூரியா அந்த வார்டில் தரை கழுவினாள். பையில் ஒன்றும் வைத்துக்கொள்ளவில்லை. துணி அறையிலிருந்து முகம் கழுவிக்கொண்டு வெளியே வரும் மனைவிகளையும் மகன்களையும் மட்டும் வழிமறித்து, "அவங்ககிட்டச் சொல்லிடுங்க," என்பாள். பெரும்பாலானவர்கள் இரக்கமில்லாத சிறுக்கி என்று திட்டிவிட்டுப் போனார்கள். சிலர் சொன்னார்கள்.

எழுபத்தெட்டாவது வயதில், இதயம் ஓய்ந்துபோய், அவள் வீட்டுக்கட்டிலில் கிடந்தாள். பக்கத்தில் ஸம்ஃபிராதான் இருந்தாள். நேரம் வந்துவிட்டது என்று கண்டு, சால்வைக்குள் மறைத்து வைத்திருந்த சின்ன மெழுகுவர்த்தியை எடுத்தாள்.

"எதுக்குடி ஒளிக்கிறே? எனக்குத் தெரியும்," என்றாள் வெத்தூரியா. "இது வேண்டாம். கோயில்ல ஈஸ்டருக்கு ஏத்துவாங்களே, நெட்டையா, அதுல ஒண்ணு வாங்கிட்டு வா."

"இப்பவா? இது எரியாதாக்கும்?"

"இது அரை மணிகூடத் தாங்காது. என் மனுசனைத் தேடணும். தீப்பெட்டி வெச்சுத்தான் அனுப்பினேன், மண்ணுல நமுத்துப் போயிருக்கும்."

ஸம்ஃபிரா ஓட்டமும் நடையுமாகக் கோயிலுக்குப் போய் வாங்கி வந்தாள். அதுவரை வெத்தூரியா கதவைப் பார்த்தபடி மூச்சைப் பிடித்துவைத்துக்கொண்டு காத்திருந்தாள். பற்றவைத்துக் கொடுத்ததும் இரண்டு கையாலும் வாங்கிக்கொண்டாள்.