இடுப்பு வலி இல்லை

ஃபேக்டரிப் படிக்கட்டில் விழுந்தேன். மழை நாள். யாரோ ஈரக் குடையை உதறிக்கொண்டு போயிருக்கிறார்கள். என் இரண்டு கையிலும் சட்டைக் காலர்கள் கட்டிய மூட்டை. மூட்டையை விடவில்லை. அதனால் கையை ஊன்ற முடியவில்லை. படியின் விளிம்பில் அப்படியே உட்கார்ந்த மாதிரி விழுந்தேன்.

கண்ணில் பூச்சி பறந்தது. ஆனால் எழுந்தேன், நடந்தேன். நடக்கிறவளுக்கு ஒன்றும் ஆகியிருக்காது என்று எல்லாரும் நினைத்தார்கள். நானும்தான். மிஷினில் போய் உட்கார்ந்தபோதுதான் தெரிந்தது.

மலேசியாவில் பத்து பாகாட் என்கிற ஊரில் சட்டை தைக்கும் ஃபேக்டரி. நான் காலர் வைக்கிறவள். காலர் வைக்க எல்லாரையும் விடமாட்டார்கள். பல வருஷம் பக்கத் தையல், சட்டைக் கை வைப்பது என்று போட்டுப் போட்டுத்தான் அந்த மிஷினுக்கு வந்தேன். முதுகு சாய இடமில்லாத ஸ்டூல். காலுக்குக் கீழே பெடல். நாள் முழுக்க உட்கார வேண்டும். உட்கார முடியாதவர்களை நூல் வெட்டும் மேசைக்கு அனுப்பிவிடுவார்கள். அங்கே போனவர்கள் யாரும் மிஷினுக்குத் திரும்பி வந்து நான் பார்த்ததில்லை.

உட்கார்ந்தால் வலி. உட்கார்ந்து எழும்போது அதைவிட வலி. கக்கூசுக்குப் போவதை நினைத்தாலே சாப்பாடு இறங்கவில்லை. வீட்டுக்காரர் லாரி ஓட்டுகிறவர். எங்கே வலி என்று கேட்டார். இடுப்பு என்றேன்.

எங்கள் பேச்சில் பெண்களுக்கு இடுப்புக்குக் கீழே முழங்கால் வரைக்கும் ஒன்றும் கிடையாது. எல்லாம் இடுப்புதான். அப்படித்தான் கேட்டு வளர்ந்தேன். அப்படித்தான் சொன்னேன்.

கிளினிக்கிலும் அதையேதான் சொன்னேன். வயதான சீன டாக்டர். வீட்டுக்காரர் பக்கத்தில் நின்றார். மலாயில் பிங்காங் வலிக்கிறது என்றேன். பிங்காங் என்றால் இடுப்பு. டாக்டர் இடுப்புக்கு எக்ஸ்ரே எடுத்தார். வெளிச்சத்தில் வைத்துப் பார்த்தார். எலும்பெல்லாம் நன்றாக இருக்கிறது, சதைப் பிடிப்புதான் என்றார். மாத்திரை கொடுத்தார். அவர் மேல் குற்றமில்லை. சொன்ன இடத்தைப் பார்த்தார்.

எங்கள் லைனுக்கு சூப்பர்வைசர் ஒரு தமிழ் அக்கா. எக்ஸ்ரேயில் ஒன்றுமில்லை என்பது நான் வேலைக்குப் போவதற்குள் அவருக்குப் போய்ச் சேர்ந்துவிட்டது.

"இடுப்பு வலி யாருக்குத்தான் இல்ல? பிள்ளை பெத்தவ எல்லாருக்கும் இருக்கு. நாங்க உக்காந்து தைக்கலயா? நடிக்காம வேலையப் பாரு லா."

மிஷின் சரி பண்ணுகிற தம்பியிடம் மேசைக் காலை உயர்த்தச் சொன்னேன். ஸ்டூலைத் தள்ளிவிட்டு நின்றுகொண்டே தைத்தேன். ஒரு கால் பெடலில், ஒரு கால் தரையில். தரையில் இருந்த கால் சாயங்காலம் பூசணிக்காய் மாதிரி வீங்கிவிடும். லைனில் எல்லாரும் பார்த்தார்கள். பார்க்கட்டும் என்று விட்டேன்.

ஆனால் நின்றுகொண்டு காலர் வைப்பது சரிவரவில்லை. கால் அசையும்போது கை அசைகிறது. கோணல் காலர்கள் செக்கிங்கிலிருந்து சாக்பீஸ் கோடு போட்டுத் திரும்பி வந்தன. எனக்கு அப்படி வந்ததே இல்லை. சூப்பர்வைசர் அக்கா அவற்றை என் மேசையில் போட்டார். திங்கட்கிழமையிலிருந்து உட்கார்ந்து தை, இல்லாவிட்டால் நூல் மேசைக்குப் போ என்றார்.

சனிக்கிழமை ஆஸ்பத்திரிக்குப் போனேன். வீட்டுக்காரரைக் கூப்பிடவில்லை. பஸ்ஸில் பாதி சீட்டு காலி. நின்றுகொண்டே போனேன். டிரைவர் கண்ணாடியில் பார்த்து உட்காரச் சொல்லிக் கை காட்டினார். நான் ஜன்னல் பக்கம் திரும்பிக்கொண்டேன்.

மலாய் டாக்டர், சின்ன வயதுப் பெண். மறுபடியும் பிங்காங் என்றுதான் ஆரம்பித்தேன். அவர் எழுதிக்கொண்டே நாற்காலியைக் காட்டினார். நான் உட்காரவில்லை. அவர் பேனாவை வைத்துவிட்டு என்னைப் பார்த்தார். இடுப்பு வலிக்கிறவர்கள் உட்கார இடம் தேடுவார்கள், நீங்கள் ஏன் நிற்கிறீர்கள் என்று கேட்டார். வலிக்கும் இடத்தில் ஒரு விரலை வைக்கச் சொன்னார்.

வைத்தேன். திங்கட்கிழமை என் மிஷினில் யார் உட்காருவார்கள் என்று நினைத்துக்கொண்டு வாயைத் திறந்தேன்.

"புங்கோங்," என்றேன்.

பிங்காங் இடுப்பு. புங்கோங் குண்டி. கேட்க ஒரே மாதிரிதான் இருக்கும். நடுவில் ஒரு ஜாண் தூரம். அந்த ஒரு ஜாணுக்குத்தான் இத்தனை நாள்.

டாக்டர் சிரிக்கவில்லை. கட்டிலில் குப்புறப் படுக்கச் சொல்லி அந்த இடத்தை அழுத்தினார். கட்டில் கம்பியைப் பிடித்துக்கொண்டேன். பிறகு பக்கவாட்டில் எக்ஸ்ரே எடுத்தார்கள். நிற்க வைத்து ஒன்று, உட்கார வைத்து ஒன்று. உட்கார வைத்து எடுத்ததில், முதுகெலும்பு முடிகிற நுனி உள்பக்கம் மடங்கியிருந்தது. குறுக்கே ஒரு கீறல். துலாங் ஏகோர் என்றார். வால் எலும்பு. அது உடைந்திருக்கிறது.

மாவுக்கட்டு போடுவீர்களா என்று கேட்டேன். அந்த இடத்தில் கட்டுப் போட முடியாது, தானாகத்தான் கூட வேண்டும் என்றார். வாரக் கணக்கில் ஆகும், சிலருக்கு மாசக் கணக்கிலும் ஆகும். வலிக்கு மாத்திரை. சுடுதண்ணி ஒத்தடம். முக்காமல் வெளிக்குப் போக வேண்டும், அதற்கு நிறையத் தண்ணி, கீரை, பப்பாளி. உட்கார்ந்தால் முன்பக்கம் சாய்ந்து உட்கார வேண்டும். பின்பக்கம் வெட்டிவிட்ட மெத்தை வைத்துக்கொண்டால் நுனி எலும்பு எதன் மேலும் படாது. அப்படியும் வலி போகாவிட்டால் ஊசி போட்டுப் பார்க்கலாம், ஆப்பரேஷன் ரொம்ப அபூர்வம் என்றார். எம்சி, அதாவது மெடிக்கல் லீவு, எழுதிக் கொடுத்தார்.

விடுப்பில் வீட்டில் கிடந்தேன். வீட்டுக்காரரிடம் எது உடைந்தது என்று சொன்னேன். மறுநாள் லாரியின் பழைய சீட்டிலிருந்து பஞ்சு மெத்தையை அறுத்துக்கொண்டு வந்தார். பின்பக்கம் வெட்டி எடுத்தார். நான் உறை தைத்துப் போட்டேன். விடுப்பு முடிகிற நாளில் கேட்டார்.

"ஃபேக்டரியில இத என்னன்னு சொல்லப் போற?"

"உள்ளத சொல்லப் போறேன்."

"ஆம்பளைங்க இருப்பாங்க."

"அவங்களுக்கும் இருக்குல்ல."

அவர் மெத்தையை எடுத்து என் பையின் மேல் வைத்தார்.

காலையில் போனால் என் மிஷினில் வேறு ஒரு பெண். மேசைக் காலைப் பழையபடி இறக்கியிருந்தார்கள். சூப்பர்வைசர் அக்கா என் கையில் இருந்த மெத்தையைப் பார்த்தார். என்ன, சிம்மாசனமா என்றார். இடுப்பு வலி போய்விட்டதா என்றும் கேட்டார்.

"இடுப்பு வலியே இல்லக்கா. குண்டி எலும்பு உடைஞ்சிருந்துச்சு."

பக்கத்து மிஷின்கள் நின்றன. மிஷின் தம்பி கீழே குனிந்து எதையோ தேடினான். யாரோ சிரித்தார்கள். அதை வால் எலும்பு என்று சொல்கிறார்கள் என்றும் சொன்னேன்.

"அக்காவுக்கு வால் வேற இருந்துச்சா?" என்று என்னைக் கேட்டாள் பட்டன் வைக்கிறவள்.

"இருந்துச்சு. நம்ம ஃபேக்டரிப் படிக்கட்டு அதையும் ஒடிச்சிருச்சு."

லைனே சிரித்தது. சூப்பர்வைசர் அக்கா மட்டும் சிரிக்கவில்லை. முதலிலேயே சொல்வதற்கு என்ன என்று கேட்டார்.

"இடுப்புன்னு சொன்னது என் வாய். நடிப்புன்னு சொன்னது உங்க வாய். என் மிஷின் எனக்கு வேணும்."

அவர் ஒரு சட்டையும் காலரும் எடுத்து மேசையில் வைத்தார். வைத்துக் காட்டு, கோணினால் நீயாகவே நூல் மேசைக்குப் போய்விடு என்றார்.

என் மிஷினில் இருந்த பெண் அவள் பாட்டுக்கு எழுந்து இடம் விட்டாள். மெத்தையைப் போட்டேன். வெட்டு பின்பக்கம் வருகிற மாதிரி. முன்னால் சாய்ந்து உட்கார்ந்தேன். வலிக்கத்தான் செய்தது. உட்கார முடிந்தது. தைத்தேன். சூப்பர்வைசர் அக்கா காலரின் இரண்டு நுனியையும் மடித்து ஒன்றின் மேல் ஒன்று வைத்துப் பார்த்தார். பொருந்தியது. சட்டையைப் போட்டுவிட்டு அடுத்த லைனுக்குப் போய்விட்டார். மன்னிப்பு ஒன்றும் வரவில்லை. நானும் அதற்கு உட்கார்ந்திருக்கவில்லை.

அன்றிலிருந்து எனக்கு மாட் ரெம்பிட் என்று பெயர். மோட்டார் சைக்கிளில் முன்னால் படுத்துக்கொண்டு ரோட்டில் ரேஸ் விடுகிற பையன்களை இங்கே அப்படித்தான் சொல்வார்கள். நான் மிஷினில் சாய்ந்து உட்காருவது அப்படி இருக்கிறதாம். இருக்கட்டும். காலர் நேராக வருகிறது.

எலும்பு கூடிவிட்டது. ரொம்ப நேரம் உட்கார்ந்தால் இன்னும் லேசாகக் கடிக்கும். மெத்தையை விடவில்லை. கோவிலுக்கும் கொண்டுபோகிறேன். என்ன என்று கேட்டால் சொல்கிறேன். முகம் சுளிக்கிறவர்கள் சுளிக்கட்டும்.

போன மாசம் சாப்பாட்டு நேரத்தில் பேக்கிங் பக்கத்திலிருந்து ஒருத்தி வந்தாள். எல்லாரும் உட்கார்ந்து சாப்பிட, அவள் தட்டைக் கையில் பிடித்துக்கொண்டு நின்றாள். பாத்ரூமில் வழுக்கிவிட்டதாம். அன்றிலிருந்து இடுப்பு வலி என்றாள், குரலைத் தாழ்த்தி.

எந்த இடுப்பு என்று கேட்டேன்.