மூன்று சத்தம்

நேற்றுப் பின்னேரம் தொலைக்காட்சியில் ஒரு பழைய பிரெஞ்சுப் படம் போனது. அதில் சூடுபட்டு விழுந்த பொலிஸ்காரனைக் கண்டதும் ஆளை அடையாளம் பிடித்துவிட்டேன். பிரெஞ்சில் ஐயா என்கிற மாதிரி நாங்கள் முசியே என்று கூப்பிட்ட மனிதர் அவர்.

எனக்குப் பத்து வயதாக இருந்தபோது, கனடாவில், மொன்ட்ரியால்-நோரில் எங்கள் வீட்டுக்கு மேல்மாடியில் தனியே இருந்தார். பாரிஸ் படங்களில் முப்பது வருடம் நடித்தவர். ஒன்றிலும் கதாநாயகன் இல்லை. வெயிட்டராக, பொலிஸாக, கள்ளனாக வந்து பாதிப் படத்துக்குள் செத்துப்போவார். வயது போன பிறகும் சின்ன வேஷம் ஏதும் கிடைத்தால் வீட்டில் விழுந்து பழகுவார். முதலில் முழங்கால், பிறகு தோள், கடைசியாகத் தலை என்று எனக்குச் செய்து காட்டியிருக்கிறார். எங்கள் தலைக்கு மேல் மூன்று சத்தம் கேட்கும்.

"மனுசன் இண்டைக்கும் சாகுது" என்று அம்மா கறியைக் கிண்டியபடி சிரிப்பா.

ஒரு சனிக்கிழமை மத்தியானம் ஒரேயொரு சத்தம்தான் கேட்டது. அம்மா நிமிர்ந்தா.

"தம்பி, ஒருக்கா ஏறிப் பார். எனக்கெங்கை பிரெஞ்சு தெரியும்?"

எங்கள் குடும்பத்தில் பிரெஞ்சுப் பள்ளிக்கூடம் போன முதல் ஆள் நான். கார்ட்டூன் பார்த்துக்கொண்டிருந்தேன்.

"படத்துக்குப் பழகுறார், அம்மா" என்றேன்.

செவ்வாய்க்கிழமைதான் பொலிஸ்காரர் வந்து அவர் கதவை உடைத்தார்கள். விழுந்த பிறகும் ஒரு நாள் உயிரோடு கிடந்திருப்பார் என்று வந்தவர்கள் பிரெஞ்சில் பேசிக்கொண்டார்கள். அதை நான் அம்மாவுக்குச் சொல்லவில்லை.

நேற்றுப் படத்தில் அவர் விழுந்த சத்தத்துக்கு அம்மா குசினியில் சமையலை விட்டு ஓடிவந்தா.

"என்னடா விழுந்தது?"

"படம், அம்மா."

"அண்டைக்கும் இதைத்தான் சொன்னனீ" என்றா.